திரினாக்சோடன்: தாடையிலிருந்து காதுக்குச் சென்ற என்புகள்

முலையூட்டிகளின் சிறப்பியல்புகளைக் குறிப்பிடுக என்று கேட்டால் தயங்கும் மாணவர்கள் மிகச் சிலரே. உரோமம், பாற்சுரப்பி, செவிச்சோணை, பிரிமென்றகடு, வடிவத்தில் வேறுபட்ட பற்கள், மாறா உடல் வெப்பநிலை என்று மனனம் செய்ததை ஒரே மூச்சில் எழுதிவிடுவர். ஆனால் இவ்வியல்புகள் யாவும் ஒரே காலத்தில், ஒரே விலங்கில் சேர்ந்து தோன்றினவா என்று கேட்டால் பலர் திகைத்துவிடுகின்றனர். "நகருயிர்களிலிருந்து முலையூட்டிகள் தோன்றின" என்ற ஒரு வரியை எழுதி நிறுத்திவிடுவதே வழக்கம். அந்த வரி முழுமையானதும் அன்று, முற்றிலும் சரியானதும் அன்று.

இதைத் தெளிவாக விளங்கிக்கொள்ள உதவும் உயிர்ச்சுவடுகளுள் ஒன்று திரினாக்சோடன் என்னும் சிறிய விலங்கினுடையது. இது முலையூட்டி அன்று. இன்றுள்ள பல்லி, முதலை போன்றவற்றின் வழியில் வந்ததும் அன்று. டைனோசர்களுடன் இதற்கு நெருங்கிய தொடர்பு எதுவும் இல்லை. முதலாவது டைனோசர் தோன்றுவதற்குப் பல மில்லியன் ஆண்டுகளுக்கு முன்னரே இது வாழ்ந்து மறைந்துவிட்டது.

எங்கே, எப்போது வாழ்ந்தது?

ஏறத்தாழ 252 மில்லியன் ஆண்டுகளுக்கு முன்னர், பேர்மியன் காலத்தின் இறுதியில், புவியின் வரலாற்றிலேயே மிகப் பெரிய அழிவு நிகழ்ந்தது. இன்றைய சைபீரியாப் பகுதியில் நிகழ்ந்த மாபெரும் எரிமலைக் கக்குகைகளே இதற்கு முக்கிய காரணம் எனக் கருதப்படுகின்றது. கடல்வாழ் இனங்களில் 80 சதவீதத்திற்கும் மேற்பட்டவை அழிந்தன. தரையிலும் பெரும்பாலான விலங்குகள் மறைந்தன. இதன் பின்னர் தொடங்கிய திரயாசிக் காலத்தின் முற்பகுதியிலேயே திரினாக்சோடன் வாழ்ந்தது. வெப்பமும் வரட்சியும் மிகுந்து, இடையிடையே திடீர் வெள்ளமும் பெருகிய காலம் அது.

இதன் என்புகள் பெருமளவில் கிடைத்த இடம் தென்னாபிரிக்காவின் கரூ வடிநிலம் ஆகும். ஆறுகள் கொண்டுவந்து படிவித்த மணலும் சேறும் இறுகி உருவான அடையற் பாறைகள் அங்கே அடுக்கடுக்காகக் காணப்படுகின்றன. 1894 ஆம் ஆண்டில் ஆங்கிலேய அறிஞர் ஹரி சீலி இவ்விலங்குக்குப் பெயரிட்டார். (டைனோசர்களை இடுப்பென்பின் அமைப்பைக் கொண்டு இரு பெரும் பிரிவுகளாக வகுத்தவரும் இவரே.) திரினாக்சோடன் என்பது கிரேக்கச் சொல், முக்கவர்ப் பல் என்பது அதன் பொருள். கடைவாயில் உள்ள ஒவ்வொரு பல்லும் நடுவில் ஓர் உயர்ந்த கூரையும் முன்னும் பின்னும் இரு சிறிய கூர்களையும் கொண்டு, திரிசூலத்தின் தலை போலத் தோன்றியமையால் அப்பெயர் இடப்பட்டது.

வாலுடன் சேர்த்து அளந்தால் ஏறத்தாழ அரை மீற்றர் நீளம் இருக்கும். நம் வேலியோரங்களில் ஓடும் கீரியை விடச் சிறியது. மண்டையோடு 10 செ.மீ. அளவினதே. கால்கள் குட்டையானவை. பூச்சிகளையும் சிறு விலங்குகளையும் பிடித்துத் தின்றிருக்கும் என்பதைப் பற்களைக் கொண்டு ஊகிக்கலாம்.

1970-71 இல் தென்னாபிரிக்க உயிர்ச்சுவட்டு ஆய்வாளரான ஜேம்ஸ் கிச்சிங், பனியால் மூடப்பட்ட அந்தாட்டிக்காவிலும் திரினாக்சோடனின் என்புகளைக் கண்டெடுத்தார். அரை மீற்றர் நீளமான ஒரு தரை விலங்கு பெருங்கடலை நீந்திக் கடந்திருக்க முடியாது. ஆகவே அக்காலத்தில் ஆபிரிக்காவும் அந்தாட்டிக்காவும் ஒட்டியிருந்தன என்பதற்கு இது ஒரு சான்று ஆகும். கொண்டுவானா எனப்படும் அப்பெருநிலத்தில் இந்தியாவும் இலங்கையும் அடங்கியிருந்தன.

அப்படியாயின் இலங்கையில் ஏன் இது கிடைக்கவில்லை என்று கேட்பது நியாயமானதே. இலங்கையின் நிலப்பரப்பில் ஏறத்தாழ பத்தில் ஒன்பது பங்கு மிகப் பழைய உருமாறிய பாறைகளால் ஆனது. அப்பாறைகள் 500 மில்லியன் ஆண்டுகளுக்கும் மேற்பட்ட வயதுடையவை. கடும் வெப்பத்துக்கும் அமுக்கத்துக்கும் உட்பட்டவை. புத்தளத்துக்கு அண்மையில் தப்போவ, ஆண்டிகம ஆகிய இடங்களில் உள்ள யுராசிக் காலப் படிவுகளும், யாழ்ப்பாணக் குடாநாட்டின் மயோசின் காலச் சுண்ணாம்புக் கல்லும் திரினாக்சோடனின் காலத்துக்கு வெகுவாகப் பிந்தியவை. உரிய வயதுடைய அடையற் பாறை இல்லாத இடத்தில் உரிய உயிர்ச்சுவட்டைத் தேடுவதில் பயனில்லை.

மண்டையோட்டில் ஒரு துளை

முலையூட்டிகள் நகருயிர்களிலிருந்து தோன்றின என்ற வரி முற்றிலும் சரியானதன்று என மேலே கூறினோம். ஏறத்தாழ 320 மில்லியன் ஆண்டுகளுக்கு முன்னர், தரையில் முட்டையிட்ட முள்ளந்தண்டுளிகள் இரு வழிகளாகப் பிரிந்தன. ஒரு வழியில் பல்லி, பாம்பு, ஆமை, முதலை, டைனோசர், பறவை ஆகியன வந்தன. மற்றைய வழியில் வந்தவை சைனப்சிட்டுகள் எனப்படும். இவற்றின் மண்டையோட்டில் கண்குழிக்குப் பின்னால் பக்கத்துக்கு ஒரு துளை மட்டுமே காணப்படும். தாடைத் தசைகள் அதனூடாகச் செல்லும். உங்கள் கன்னத்தின் மேற்பகுதியில் விரலை வைத்துப் பற்களைக் கடித்துப் பாருங்கள். கன்ன என்பின் வளைவுக்கு உட்புறமாகச் செல்லும் தசை இறுகுவதை உணரலாம். அந்த இடைவெளியே பழைய துளையின் இன்றைய வடிவம்.

பழைய நூல்கள் சைனப்சிட்டுகளை "முலையூட்டி போன்ற நகருயிர்கள்" என்று குறிப்பிடும். இன்று அப்பெயர் கைவிடப்பட்டு வருகின்றது. சைனப்சிட்டுகளில் சைனோடொண்டுகள் என்னும் ஒரு பிரிவு உண்டு. நாய்ப்பல் உடையவை என்பது அதன் பொருள். திரினாக்சோடனும் சைனோடொண்டு, முலையூட்டிகளும் அதே பிரிவின் கிளையே. இதனால் திரினாக்சோடனே நமது நேரடி மூதாதை என்று எழுதிவிடக் கூடாது. அது நம் வழிக்கு நெருங்கிய ஓர் உறவு. நம் மூதாதை அக்காலத்தில் எவ்வாறு இருந்திருக்கும் என்பதைக் காட்டும் மாதிரி எனலாம்.

பற்கள், அண்ணம், விலா

முதலையின் வாயில் முன்னும் பின்னும் ஒரே வகையான கூம்புப் பற்களே இருக்கும். திரினாக்சோடனின் மேல்தாடையில் பக்கத்துக்கு நான்கு வெட்டும் பற்களும், கீழ்த்தாடையில் பக்கத்துக்கு மூன்றும் இருந்தன. அவற்றை அடுத்து நீண்ட வேட்டைப்பல். அதன் பின்னர் முக்கவர்ப் பற்களின் வரிசை. பற்களின் வேறுபாடு என்னும் முலையூட்டி இயல்பு இங்கே தெளிவாகவே உள்ளது. ஆனால் பற்கள் விழுந்து முளைத்த விதம் பழைய முறையிலேயே இருந்தது. நமக்குப் பாற்பற்கள், நிலையான பற்கள் என இரு தொகுதிகளே உண்டு. திரினாக்சோடனிலோ பற்கள் வாழ்நாளில் பலமுறை மாற்றப்பட்டன. இளம் விலங்கிலிருந்து முதிர்ந்த விலங்கு வரை பல மண்டையோடுகள் கிடைத்திருப்பதால் இதை உறுதியாகக் கூற முடிகின்றது.

வாயின் மேற்புறத்தில், மூக்கறையையும் வாயறையையும் பிரிக்கும் என்பாலான அண்ணம் இருந்தது. உணவை வாயில் வைத்து மெல்லும்போதும் மூக்கினால் சுவாசிக்க இவ்வமைப்பு உதவும். அடுத்து, விலா என்புகள். முன்புற விலா என்புகளுக்கும் இடுப்புக்கு அண்மையில் உள்ள குட்டையான விலா என்புகளுக்கும் இடையே தெளிவான வேறுபாடு உண்டு. உடல், மார்பு என்றும் வயிறு என்றும் பிரியத் தொடங்கிவிட்டமையை இது காட்டுகின்றது. இதைக் கொண்டு பிரிமென்றகடும் இருந்திருக்கலாம் எனச் சில ஆய்வாளர் கருதினர். பிரிமென்றகடு தசையாலானது, அது கல்லில் எஞ்சுவதில்லை. ஆகவே "இருந்திருக்கலாம்" என்ற சொல்லை இங்கே விட்டுவிடக் கூடாது.

தாடையும் காதும்

இக்கட்டுரையின் முக்கிய பகுதி இதுவே. சற்று நிதானமாக வாசியுங்கள்.

நகருயிரின் கீழ்த்தாடை பல என்புகளால் ஆனது. முன்புறத்தில் பற்களைத் தாங்குவது பல்லென்பு. அதன் பின்னால் வேறு பல என்புகள் இணைந்திருக்கும். அவற்றுள் கடைசியாக உள்ள மூட்டென்பு, மண்டையோட்டின் நாற்கோண என்புடன் பொருந்தித் தாடை மூட்டை ஆக்கும். முலையூட்டியிலோ கீழ்த்தாடையின் ஒவ்வொரு பாதியும் ஒரே என்பு, அதாவது பல்லென்பு மட்டுமே. அது மண்டையோட்டின் வேறோர் என்பாகிய செதிலுரு என்புடன் நேரடியாக மூட்டுக்கொள்ளும்.

இப்போது காதைப் பாருங்கள். நகருயிரின் நடுக்காதில் ஒரே ஒரு சிற்றென்பு. அது ஏந்தியுருவுக்கு ஒத்தது. நமது நடுக்காதில் சம்மட்டியுரு, பட்டடையுரு, ஏந்தியுரு என மூன்று. தாடையில் என்புகள் குறைந்துள்ளன, காதில் இரண்டு கூடியுள்ளன. இவ்விரண்டுக்கும் தொடர்பு உண்டா?

உண்டு என்பதை முதலில் காட்டியது உயிர்ச்சுவடு அன்று, முளையம். 1837 ஆம் ஆண்டில் ஜேர்மனிய உடலமைப்பியல் அறிஞர் கார்ல் ரைக்கேர்ட், பன்றியின் முளையங்களை ஆராய்ந்தபோது, கீழ்த்தாடையின் உட்புறம் உள்ள கசியிழையக் கோலின் பின்முனையிலிருந்தே சம்மட்டியுரு உருவாவதை அவதானித்தார். நகருயிரில் மூட்டென்பு உருவாகும் இடமும் அதுவே. பட்டடையுரு நாற்கோண என்புக்கு ஒத்தது. அதாவது நகருயிரில் உணவைக் கடிக்க உதவும் மூட்டே நமது காதில் சம்மட்டியுருவுக்கும் பட்டடையுருவுக்கும் இடையே உள்ள சிறு மூட்டாக இருக்கின்றது. செவிப்பறை மென்சவ்வைத் தாங்கும் என்பு வளையமும் பழைய தாடையின் கோண என்பே.

டார்வினின் நூல் வெளிவருவதற்கு 22 ஆண்டுகளுக்கு முன்னரே கூறப்பட்ட இக்கருத்துக்கு வலுவான ஓர் எதிர்ப்பு இருந்தது. தாடை மூட்டு ஓரிடத்திலிருந்து இன்னோரிடத்துக்கு மாறுவதாயின், இடைப்பட்ட விலங்கு எப்படி உண்ணும்? மூட்டு இல்லாத தாடையுடன் ஒரு தலைமுறைகூட உயிர் வாழ முடியாதே. நல்ல கேள்வி. இதற்கு முளையத்தால் விடை கூற முடியாது. கல்லில் கிடைக்கும் தாடைகளாலேயே முடியும்.

திரினாக்சோடனின் தாடையில் பல்லென்பு பெருத்துத் தாடையின் பெரும்பகுதியையும் பிடித்துக்கொண்டுள்ளது. பின்னால் மேல்நோக்கி உயர்ந்த தட்டையான முனை ஒன்றும் உண்டு. வலிய தசைகள் அதில் பொருந்தின. மற்றைய என்புகள் ஒடுங்கி, பல்லென்பின் உட்புறத்தில் உள்ள ஒரு பள்ளத்தில் மெல்லிய கோல் போலக் கிடக்கின்றன. தாடை மூட்டு இன்னும் பழையதே. ஆனால் தசைகளின் பொருத்தம் முன்னோக்கி வந்துவிட்டதனால், கடிக்கும்போது மூட்டின் மீது விழும் சுமை குறைந்தது. சுமை குறைந்தமையால் பின்புற என்புகள் சிறுத்தாலும் ஆபத்தில்லை. சிறிய, இலேசான என்பு ஒலியால் எளிதில் அதிரும். ஏந்தியுரு ஏற்கெனவே நாற்கோண என்பைத் தொட்டுக்கொண்டிருந்தது. எனவே அவ்வென்புகள் ஒரே வேளையில் தாடை மூட்டாகவும் ஒலி கடத்தியாகவும் தொழிற்பட்டிருக்கலாம்.

திரினாக்சோடனுக்கு ஏறத்தாழ 45 மில்லியன் ஆண்டுகள் பிந்திய மோர்கனுகோடன் என்னும் சிறிய விலங்கின் என்புகள் பிரித்தானியாவின் வேல்ஸ் பகுதியில் கிடைத்தன. அதன் தாடையில் இரண்டு மூட்டுகளும் அருகருகே உள்ளன! மூட்டென்பு நாற்கோண என்புடன் மூட்டுக்கொள்ள, பல்லென்பு செதிலுரு என்பைத் தொட்டுப் புதிய மூட்டை ஆக்கியுள்ளது. பழைய மூட்டு விலகுவதற்கு முன்னரே புதிய மூட்டு வேலையை ஏற்றுக்கொண்டது. மூட்டில்லாத விலங்கு ஒருபோதும் இருக்கவில்லை. எதிர்ப்புக்கு விடை கிடைத்துவிட்டது. 2007 ஆம் ஆண்டில் சீனாவிலிருந்து விபரிக்கப்பட்ட யானோகோனோடன் என்னும் முலையூட்டியில் அடுத்த படியைக் காணலாம். அதில் தாடை மூட்டு முற்றாகப் புதியது. ஆயினும் காதின் சிற்றென்புகள் என்பாக மாறிய ஒரு மெல்லிய கோலினால் தாடையுடன் இன்னும் தொடுக்கப்பட்டுள்ளன.

உயிருள்ள சான்றும் உண்டு. ஒப்பொசம், கங்காரு போன்ற பைவிலங்குகளின் குட்டிகள் முதிராத நிலையில் பிறக்கின்றன. பிறந்தவுடன் அவற்றின் சம்மட்டியுரு தாடையுடன் இணைந்தே காணப்படும். புதிய தாடை மூட்டு உருவாகும் வரை பழைய மூட்டே தாடையைத் தாங்குகின்றது.

வளையில் கிடந்த இருவர்

1975 ஆம் ஆண்டில் கிச்சிங், கரூ வடிநிலத்தின் ஒலிவியர்ஸ்ஹூக் கணவாயில் ஒரு கல்லைக் கண்டெடுத்தார். அது வெள்ளச் சேறு நிரம்பி இறுகிய ஒரு வளை. உடைத்துப் பார்த்தால் உள்ளிருப்பது சிதைந்துவிடும் என்பதால் நெடுங்காலம் அது அப்படியே இருந்தது. பின்னர் பிரான்சின் கிரெனோபிள் நகரில் உள்ள சிங்குரோத்திரன் நிலையத்தில் வலிய எக்ஸ் கதிர்களைச் செலுத்தி உட்புறத்தைப் படம் பிடித்தனர். 2013 ஆம் ஆண்டில் முடிவு வெளியானது. உள்ளே ஒரு திரினாக்சோடன். அதன் அருகே, எவரும் எதிர்பாராத வகையில், புரூமிஸ்டெகா என்னும் ஓர் ஈரூடகவாழி.

இரையாக இழுத்து வரப்பட்டதா? ஈரூடகவாழியின் விலா என்புகள் சில முறிந்திருந்தன. ஆனால் அம்முறிவுகள் ஆறத் தொடங்கியிருந்தன. அதாவது காயப்பட்ட பின்னரும் அது சில காலம் உயிர் வாழ்ந்துள்ளது. காயமுற்ற அவ்விலங்கு தங்க இடம் தேடி வளைக்குள் புகுந்தது எனவும், திரினாக்சோடன் கோடைத்துயிலில் இருந்தமையால் அதை விரட்டவில்லை எனவும் ஆய்வாளர் முடிவு செய்தனர். அதன் பின்னர் வெள்ளம் வந்து இரண்டையும் ஒன்றாக மூடிவிட்டது. சுருண்டு படுத்த நிலையில் கிடைத்த வேறு திரினாக்சோடன்களும் உண்டு. பேரழிவுக்குப் பின் நிலவிய கடும் காலநிலையில், வளை தோண்டி உள்ளே ஒடுங்கிக்கொண்டமையே இவ்விலங்கு பிழைத்ததற்கு ஒரு காரணமாகலாம்.

உரோமம் இருந்ததா?

படங்களில் திரினாக்சோடனை உரோமத்துடனும் மீசை மயிருடனும் வரைவது வழக்கம். மூஞ்சி என்பில் காணப்படும் சிறு துளைகள் மீசை மயிருக்கு நரம்பும் குருதியும் சென்ற வழிகள் என்பதே இதற்கு ஆதாரமாகக் காட்டப்பட்டது. ஆனால் தென்னமெரிக்காவில் வாழும் தேகு என்னும் பெரும் பல்லிக்கும் மூஞ்சியில் அத்தகைய துளைகள் உண்டு; அதற்கு ஒரு மயிர்கூட இல்லை. 2016 ஆம் ஆண்டில் வெளியான ஓர் ஆய்வு, மண்டையோடுகளின் உட்புறத்தைக் கதிர்ப்படங்களால் ஆராய்ந்து, இந்நரம்பின் பாதை முலையூட்டியில் உள்ளதை ஒத்ததாக மாறியது பிந்திய சைனோடொண்டுகளிலேயே எனக் காட்டியது.

உடல் வெப்பநிலையும் இவ்வாறே. உட்காதின் அரைவட்டக் கால்வாய்களில் உள்ள பாயம் வெப்பமானால் இளகும். அதற்கேற்பக் கால்வாய்கள் ஒடுங்கியிருக்கும். 2022 ஆம் ஆண்டில் இக்கால்வாய்களின் அளவுகளை ஒப்பிட்ட ஆய்வொன்று, மாறா உடல் வெப்பநிலை ஏறத்தாழ 233 மில்லியன் ஆண்டுகளுக்கு முன்னர், அதாவது திரினாக்சோடனுக்குப் பின்னரே தோன்றியது என மதிப்பிட்டது. எல்லா ஆய்வாளரும் இதனை ஏற்றுக்கொள்ளவில்லை.

பயிற்சி வினா

திரினாக்சோடனின் உயிர்ச்சுவட்டில் (அ) நேரடியாக அவதானிக்கக்கூடிய முலையூட்டி இயல்புகள் இரண்டு, (ஆ) அவதானத்தைக் கொண்டு ஊகிக்கப்படும் இயல்பு ஒன்று, (இ) அதனை முலையூட்டியாக வகைப்படுத்தாமைக்கான காரணம் ஒன்று தருக.

விடை: (அ) வெட்டும் பல், வேட்டைப்பல், கடைவாய்ப் பக்கப் பற்கள் எனப் பற்கள் வேறுபட்டிருத்தல், என்பாலான அண்ணம் காணப்படல். (ஆ) விலா என்புகளின் வேறுபாட்டைக் கொண்டு பிரிமென்றகடு இருந்திருக்கலாம் என ஊகிக்கப்படல். (இ) தாடை மூட்டு இன்னும் மூட்டென்புக்கும் நாற்கோண என்புக்கும் இடையிலேயே அமைந்திருத்தல்.

பகுதி (அ) இற்கு உரோமம், பாற்சுரப்பி என்று எழுதினால் புள்ளி கிடைக்காது. அவை முலையூட்டிகளின் இயல்புகளே. ஆனால் இந்தக் கல்லில் எவரும் அவற்றைக் கண்டதில்லை.